எஸ். எஸ். பிள்ளை: சிதம்பரத்தில் உழைத்த கணித மேதை



கணித மேதை என்றதும் நம் எல்லாருக்கும் உடனே நினைவுக்கு வருபவர் சீனிவாச இராமானுஜன். நம் கடலூர், சிதம்பரம் பகுதி மக்களுக்கு அவர் அந்நியர் அல்லர். அவர் வளர்ந்தது பக்கத்திலுள்ள கும்பகோணம். 1910-ஆம் ஆண்டு வேலை தேடி அவர் வந்து நின்றது திருக்கோவிலூர். அன்று அது கடலூரைத் தலைநகராகக் கொண்ட தென்னாற்காடு மாவட்டத்தைச் சேர்ந்தது. அங்கே துணை கலெக்டராக இருந்த இராமசாமி ஐயர்தான் இந்தியக் கணிதக் கழகத்தைத் தோற்றுவித்தவர். அவரிடம் காட்டிய நோட்டுப் புத்தகங்களிலிருந்துதான் இராமானுஜனின் பயணம் தொடங்கியது. இராமானுஜனின் வாழ்க்கை வரலாறு 1991-இல் ஆங்கிலத்தில் பெரிய நூலாக வந்தது. 2015-இல் திரைப்படமாகவும் வந்தது. பள்ளிக் குழந்தைகளுக்கும் அவரைத் தெரியும்.

ஆனால் இராமானுஜனுக்கு அடுத்த தலைமுறையில், நம் சிதம்பரத்திலேயே பன்னிரண்டு ஆண்டுகள் வாழ்ந்து, உலகம் வியக்கும் கணிதப் பணி செய்த ஒருவரை நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? உலகெங்கும் உள்ள எண் கோட்பாட்டு அறிஞர்கள் அவர் பெயரை இன்றும் சொல்கிறார்கள். அண்ணாமலை நகர் வழியாக நாள்தோறும் பேருந்திலும் தொடர்வண்டியிலும் போய்வரும் நாம்தான் அவரை மறந்துவிட்டோம். அவர் பெயர் சுப்பையா சிவசங்கரநாராயண பிள்ளை. கணித உலகம் அவரைச் சுருக்கமாக எஸ். எஸ். பிள்ளை என்று அழைக்கிறது.

தாயை இழந்த குழந்தை

எஸ். எஸ். பிள்ளை 1901-ஆம் ஆண்டு ஏப்ரல் 5-ஆம் நாள் குற்றாலத்துக்கு அருகிலுள்ள வல்லம் என்னும் ஊரில் பிறந்தார். தந்தை சுப்பையா பிள்ளை, தாய் கோமதி அம்மாள். குழந்தைக்கு ஒரு வயது ஆனபோதே தாய் இறந்துவிட்டார். உறவுக்கார மூதாட்டி ஒருவரின் துணையோடு தந்தை அவரை வளர்த்தார்.

பள்ளியில் சாஸ்திரியார் என்னும் ஆசிரியர் ஒருவர் இருந்தார். இந்தச் சிறுவனிடம் உள்ள திறமையை முதலில் கண்டுகொண்டவர் அவரே. பிள்ளை பள்ளி இறுதி வகுப்பில் படித்துக்கொண்டிருந்தபோது தந்தையும் இறந்துபோனார். தாயும் இல்லை, தந்தையும் இல்லை, கையில் பணமும் இல்லை. அத்துடன் படிப்பு நின்றிருக்க வேண்டும். அப்படித்தான் எத்தனையோ பிள்ளைகளுக்கு நின்றுபோகிறது. ஆனால் சாஸ்திரியார் தம் மாணவனைக் கைவிடவில்லை. தம் சொந்தப் பணத்திலிருந்து உதவி செய்து அவரைப் படிக்க வைத்தார்.

இந்த ஆசிரியர் எந்தத் தேற்றத்தையும் கண்டுபிடிக்கவில்லை. கணித வரலாற்று நூல் எதிலும் அவருக்கென்று ஒரு பக்கம் கிடையாது. ஆனால் அவர் அன்று தம் சம்பளப் பணத்தைப் பகிர்ந்திருக்காவிட்டால், நாம் பின்னால் சொல்லப்போகும் எதுவுமே நடந்திருக்காது.

உதவித்தொகை பெற்று நாகர்கோவில் ஸ்காட் கிறித்தவக் கல்லூரியில் இன்டர்மீடியட் படித்தார் பிள்ளை. பிறகு திருவனந்தபுரம் மகாராஜா கல்லூரியில் பட்டம் பெற்றார். 1927-இல் சென்னைப் பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி மாணவரானார். அங்கே அவருக்கு வழிகாட்டியவர் பேராசிரியர் கே. ஆனந்த ராவ். இவர் இராமானுஜன் கேம்பிரிட்ஜில் இருந்த காலத்திலேயே அங்கு படித்தவர். இராமானுஜனை ஆதரித்த அதே ஹார்டிதான் இவருக்கும் ஆசிரியர். இப்படி இராமானுஜன் ஏற்றிய விளக்கின் ஒளி ஆனந்த ராவ் வழியாகப் பிள்ளையை வந்தடைந்தது.

அண்ணாமலை நகரில் பன்னிரண்டு ஆண்டுகள்

1929-இல் சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் உருவானது. அண்ணாமலைச் செட்டியார் 1920-இல் தொடங்கியிருந்த மீனாட்சி கல்லூரியே அதற்கு அடித்தளம். பல்கலைக்கழகம் பிறந்த அதே ஆண்டில் எஸ். எஸ். பிள்ளை அங்கே விரிவுரையாளராகச் சேர்ந்தார். 1941 வரை அங்கேயே பணியாற்றினார்.

அன்றைய சிதம்பரத்தைக் கொஞ்சம் கற்பனை செய்து பார்ப்போம். கோயிலும், சுற்றிலும் வயல்களும் உள்ள சிறிய ஊர். கணினி கிடையாது. வெளிநாட்டு ஆராய்ச்சி இதழ்கள் கப்பலில் வந்து சேர வாரக்கணக்கில் ஆகும். ஆனாலும் அங்கே நல்ல கணிதச் சூழல் ஒன்று உருவாகியிருந்தது. பேராசிரியர் ஏ. நரசிங்க ராவ் கணிதத் துறையில் இருந்தார். இந்தியக் கணிதக் கழகம் 1933-இல் மாணவர்களுக்கும் ஆசிரியர்களுக்குமாக ஓர் இதழைத் தொடங்கியபோது அதன் முதல் ஆசிரியராகப் பொறுப்பேற்றவர் அவரே. பாடம் நடத்திய நேரம் போக மீதி நேரமெல்லாம் எண்களோடு வாழ்ந்த எஸ். எஸ். பிள்ளைக்கு இந்தச் சூழல் போதுமானதாக இருந்தது.

சில்லறைக் கணக்கு

அவர் செய்த பெரும் பணி என்ன? கணிதம் படிக்காதவர்களும் அதைப் புரிந்துகொள்ளலாம்.

ஒரு எண்ணை அதே எண்ணால் பெருக்கினால் கிடைப்பது வர்க்கம். 1, 4, 9, 16, 25 ஆகியவை வர்க்க எண்கள். எந்த எண்ணை எடுத்துக்கொண்டாலும் அதை நான்கு வர்க்கங்களுக்கு மிகாமல் கூட்டி எழுதிவிடலாம். 7 வேண்டுமா? 4, 1, 1, 1 என்று நான்கு வர்க்கங்கள். இதை 1770-இல் லக்ராஞ்சு என்னும் அறிஞர் நிரூபித்தார். அதே 1770-இல் கேம்பிரிட்ஜ் பேராசிரியர் எட்வர்ட் வாரிங் ஒரு நூலில், கன எண்களைக் கொண்டு எழுத ஒன்பது போதும் என்றும், நான்காம் அடுக்கு எண்களுக்குப் பத்தொன்பது போதும் என்றும், இது இப்படியே தொடரும் என்றும் எழுதி வைத்தார். நிரூபணம் எதுவும் தரவில்லை. எந்த அடுக்கானாலும் அதற்கு ஒரு எல்லை உண்டு என்பதை மட்டும் 1909-இல் ஜெர்மானிய அறிஞர் ஹில்பர்ட் நிரூபித்தார். அந்த எல்லை சரியாக எத்தனை? இதுவே வாரிங் கணக்கு.

இதைச் சில்லறைக் கணக்காகப் பார்ப்போம். ஒரு நாட்டில் 1 ரூபாய், 64 ரூபாய், 729 ரூபாய், 4,096 ரூபாய் நாணயங்கள் இருக்கின்றன என்று வைத்துக்கொள்வோம். இவை 1, 2, 3, 4 ஆகியவற்றின் ஆறாம் அடுக்குகள். அதற்கு மேலும் பெரிய நாணயங்கள் முடிவில்லாமல் உண்டு. ஒருவருக்கு 703 ரூபாய் கொடுக்க வேண்டும். 729 ரூபாய் நாணயம் பயன்படாது, அது பெரிது. ஆகவே பத்து 64 ரூபாய் நாணயங்கள் கொடுத்தால் 640 ஆகிவிடும். மீதி 63-க்கு 63 ஒற்றை ரூபாய் நாணயங்கள். மொத்தம் 73 நாணயங்கள். இதைக் குறைக்க வழியே இல்லை.

ஆக, 703-க்கு 73 நாணயங்கள் வேண்டும் என்பதை எந்த மாணவரும் காட்டிவிடுவார். கடினமானது அடுத்த கேள்வி. கோடி, கோடி கோடி என்று எவ்வளவு பெரிய தொகையைச் சொன்னாலும் 73 நாணயங்களே போதும், 74-ஆவது நாணயம் ஒருபோதும் தேவைப்படாது என்று உறுதியாகச் சொல்ல முடியுமா? எண்களுக்கு முடிவே இல்லையே! ஒவ்வொன்றாகச் சோதித்துப் பார்க்க எவராலும் இயலாது. 1940-இல் எஸ். எஸ். பிள்ளை அதை நிரூபித்தார். ஆறாம் அடுக்குக்கு விடை சரியாக 73.

இதற்கு முன்பே, 1936-இல், அவர் இன்னும் பெரிய வெற்றி ஒன்றை அடைந்திருந்தார். ஏழாம் அடுக்கு முதல் அதற்கு மேற்பட்ட அடுக்குகளுக்கெல்லாம் விடை தரும் பொதுவான சூத்திரத்தை, ஒரு நிபந்தனைக்கு உட்பட்டு, நிறுவினார். அந்த நிபந்தனை பொய்க்கும் அடுக்கு ஒன்றுகூட இன்றுவரை அகப்படவில்லை. கணினி கொண்டு கோடிக்கணக்கான அடுக்குகள் வரை சோதித்துவிட்டார்கள்.

இந்த வெற்றிக்குப் பின்னால் அழகான ஒரு தொடர்ச்சி இருக்கிறது. இராமானுஜனும் ஹார்டியும் சேர்ந்து உருவாக்கிய ஒரு முறையை ஹார்டியும் லிட்டில்வுட்டும் வாரிங் கணக்குக்குக் கொண்டுவந்தார்கள். இரஷ்யாவில் வினோகிராதவ் 1930-களில் அதைக் கூர்மையாக்கினார். அதைக் கையில் எடுத்துச் சிதம்பரத்திலிருந்து விடை கண்டார் பிள்ளை. கும்பகோணத்துக்காரர் கேம்பிரிட்ஜில் தொடங்கியது, இரஷ்யா வரை சென்று, காவிரிக் கரையின் பக்கத்து ஊருக்கே திரும்பி வந்தது.

வரலாறு எழுதியவரும் வரலாறு படைத்தவரும்

ஆனால் அதே 1936-இல், அதே விடையை வேறொருவரும் கண்டார். அமெரிக்காவின் சிகாகோ பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த லியோனார்டு டிக்சன். இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்து எழுதவில்லை. தனித்தனியே உழைத்து ஒரே இடத்துக்கு வந்து சேர்ந்தார்கள்.

டிக்சன் யார் என்று தெரிந்தால் இதன் பெருமை புரியும். எண் கோட்பாட்டின் வரலாற்றை மூன்று பெருந்தொகுதிகளாக எழுதியவர் அவர். 1919, 1920, 1923 ஆகிய ஆண்டுகளில் வெளிவந்த அந்த நூல்கள் மொத்தம் சுமார் 1,600 பக்கங்கள். இன்றும் ஆராய்ச்சியாளர்கள் புரட்டிப் பார்க்கும் நூல்கள் அவை. வாரிங் கணக்கில் அதுவரை யார் யார் என்ன செய்தார்கள் என்பதும் அதில் உண்டு. அதாவது, எண்களின் வரலாற்றையே எழுதி முடித்த அறுபது வயதைத் தாண்டிய பேராசிரியர் ஒருபுறம். பெரிய நூலகங்களுக்கு வெகு தொலைவில், புதிதாகத் தொடங்கிய பல்கலைக்கழகம் ஒன்றில் பாடம் நடத்திக்கொண்டிருந்த முப்பத்தைந்து வயது விரிவுரையாளர் மறுபுறம். இருவரும் ஒரே ஆண்டில் கரையேறினார்கள். ஆறாம் அடுக்கைப் பொறுத்தவரை பிள்ளையே முந்தினார்.

பிள்ளை தம் கட்டுரைகளை இந்தியக் கணிதக் கழக இதழிலும் அண்ணாமலைப் பல்கலைக்கழக இதழிலும் வெளியிட்டார். நம் நாட்டு இதழ்கள் அன்று வெளிநாட்டு நூலகங்களுக்கு அதிகம் போய்ச் சேரவில்லை. சிகாகோவில் அச்சானது உலகெங்கும் உடனே படிக்கப்பட்டது. அண்ணாமலை நகரில் அச்சானது மெதுவாகவே கவனத்துக்கு வந்தது. திறமையில் குறைவில்லை. இருந்த இடம்தான் தொலைவு.

இங்கே நாம் கொஞ்சம் நின்று சிந்திக்க வேண்டும். வரலாறு என்பது நடந்ததெல்லாம் அல்ல, எழுதி வைக்கப்பட்டதுதான். 1937-இல் ஆங்கிலத்தில் வெளிவந்து, உலகெங்கும் இளைஞர்களைக் கணிதத்தின் பக்கம் இழுத்த ஈ. டி. பெல் என்பவரின் நூல் ஒன்று உண்டு. கணித மேதைகளின் வாழ்க்கையைச் சொல்லும் அந்த நூலில் ஓர் இந்தியருக்குக்கூட அத்தியாயம் இல்லை. அதே ஆண்டுகளில்தான் நம் நாட்டில் விபூதிபூஷண் தத்தாவும் அவதேஷ் நாராயண் சிங்கும் இந்தியக் கணிதத்தின் வரலாற்றை இரண்டு தொகுதிகளாக, 1935-இலும் 1938-இலும், எழுதி வெளியிட்டார்கள். நம் கதையை நாம் எழுதாவிட்டால் பிறர் எழுதமாட்டார்கள் என்பதை அவர்கள் உணர்ந்திருந்தார்கள்.

இன்னும் விடை காணாத கேள்வி

எஸ். எஸ். பிள்ளையின் பணி வாரிங் கணக்கோடு நிற்கவில்லை. எழுபதுக்கும் மேற்பட்ட ஆய்வுக் கட்டுரைகளை அவர் எழுதினார். அவற்றுள் இரண்டைப் பற்றி மட்டும் சொல்வோம்.

அடுத்தடுத்து வரும் சில எண்களை எடுத்துக்கொள்வோம். அவற்றுள் ஒன்றாவது, மற்ற எல்லா எண்களோடும் பொதுக் காரணி எதுவும் இல்லாமல் தனித்து நிற்குமா? எண்கள் பதினாறு வரை இருந்தால் அப்படி ஒன்று கட்டாயம் உண்டு என்று பிள்ளை 1940-இல் காட்டினார். பதினேழு ஆகும்போது இது பொய்த்துவிடுகிறது. 2184 முதல் 2200 வரையுள்ள பதினேழு எண்களை எடுத்துப் பார்த்தால் தனித்து நிற்கும் எண் ஒன்றுகூட இல்லை. எடுத்துக்காட்டாக, 2189-ம் 2200-ம் பதினொன்றால் வகுபடும். 2197-ம் 2184-ம் பதின்மூன்றால் வகுபடும். வீட்டில் பிள்ளைகள் ஒரு தாளும் பென்சிலும் எடுத்துக்கொண்டு மீதியைச் சரிபார்க்கலாம். விடுமுறை நாளுக்கு நல்ல வேலை.

இரண்டாவது, அவர் விட்டுச்சென்ற ஒரு கேள்வி. 4, 8, 9, 16, 25, 27, 32, 36 என்று வர்க்கங்களையும் கனங்களையும் மற்ற அடுக்குகளையும் வரிசையாக எழுதுவோம். 8-க்கும் 9-க்கும் இடைவெளி 1. 25-க்கும் 27-க்கும் இடைவெளி 2. 125-க்கும் 128-க்கும் இடைவெளி 3. போகப் போக இந்த இடைவெளிகள் பெரிதாகிக்கொண்டே போகும் என்றும், எந்த ஒரு குறிப்பிட்ட இடைவெளியும் ஒரு சில தடவைகள் மட்டுமே வரும் என்றும் பிள்ளை கருதினார். இடைவெளி 1 என்பது 8, 9 ஆகியவற்றுக்கு மட்டுமே உரியது என்று 2002-இல் நிரூபிக்கப்பட்டது. மற்ற இடைவெளிகளைப் பற்றிய கேள்வி இன்றும் திறந்தே கிடக்கிறது. பிள்ளையின் அனுமானம் என்றே உலகம் அதை அழைக்கிறது. அந்தக் கேள்விக்கு விடை தேடி இன்றும் பல நாடுகளில் உழைக்கிறார்கள்.

அதே காலத்தில் ஒரு துறவி

பிள்ளை சிதம்பரத்தில் இருந்த காலத்திலேயே பிரான்சிலிருந்து ஓர் இயேசு சபைக் குருவானவர் தமிழகம் வந்தார். அவர் தந்தை சார்லஸ் ரசீன். பாரிஸில் பெரும் கணித அறிஞர்களிடம் பயின்ற அவர் 1937-இல் திருச்சி தூய வளனார் கல்லூரிக்கு வந்து, 1939 முதல் சென்னை இலயோலா கல்லூரியில் கற்பித்தார். தேர்வுக்கு மட்டும் படித்துக்கொண்டிருந்த மாணவர்களுக்கு ஐரோப்பாவின் புதிய கணிதத்தை அறிமுகப்படுத்தினார். உலகப் புகழ்பெற்ற சி. எஸ். சேஷாத்ரி, எம். எஸ். நரசிம்மன் போன்றோர் அவருடைய மாணவர்களே. 1976-இல் அவர் காலமானார். பள்ளியில் ஒரு சாஸ்திரியார், சென்னையில் ஓர் ஆனந்த ராவ், இலயோலாவில் ஒரு ரசீன் அடிகள். இப்படிப்பட்ட ஆசிரியர்களின் தோள்மீது ஏறித்தான் தமிழகக் கணிதம் வளர்ந்தது.

முடியாத பயணம்

1941-இல் பிள்ளை சிதம்பரத்தை விட்டுத் திருவிதாங்கூர் பல்கலைக்கழகம் சென்றார். அடுத்த ஆண்டு கல்கத்தா பல்கலைக்கழகம் அவரை அழைத்துக்கொண்டது. போரும் பஞ்சமும் வங்காளத்தை வாட்டிய ஆண்டுகள் அவை.

1950-இல் பெரிய வாய்ப்பு ஒன்று தேடி வந்தது. அமெரிக்காவின் பிரின்ஸ்டன் உயராய்வு நிறுவனம் ஓராண்டு வந்து தங்கும்படி அவரை அழைத்தது. ஐன்ஸ்டீன் இருந்த இடம் அது. போரினால் 1936-க்குப் பிறகு நடக்காதிருந்த உலகக் கணித மாநாடும் அந்த ஆண்டு ஆகஸ்டு 30-ஆம் நாள் ஹார்வர்டில் தொடங்கியது. அதிலும் அவர் கலந்துகொள்வதாக இருந்தது. உலகக் கணிதக் குடும்பத்தின் நடுவே நேரில் நிற்கும் நாள் அவருக்கு வந்துவிட்டது.

பம்பாயிலிருந்து நியூயார்க் செல்லும் விமானம் கெய்ரோவில் இறங்கிப் புறப்பட்டது. 1950 ஆகஸ்டு 31-ஆம் நாள் அதிகாலை, புறப்பட்ட சிறிது நேரத்தில் எஞ்சின் தீப்பற்றி எகிப்தின் பாலைவனத்தில் விழுந்து நொறுங்கியது. அதில் இருந்த 55 பேரும் இறந்தனர். எஸ். எஸ். பிள்ளையும் அவர்களுள் ஒருவர். வயது 49.

அவர் மறைந்தபோது கணித அறிஞர் கே. சந்திரசேகரன், வாரிங் கணக்கில் பிள்ளை கண்ட வெற்றி இராமானுஜனுக்குப் பிறகு இந்தியக் கணிதம் கண்ட மிகச்சிறந்த சாதனைகளுள் ஒன்று என்று மதிப்பிட்டு எழுதினார். அதே வாரிங் கணக்கில் நான்காம் அடுக்கு மட்டும் கடைசி வரை விடைக்குப் பிடிகொடுக்காமல் இருந்தது. 1986-இல் சென்னையைச் சேர்ந்த ஆர். பாலசுப்பிரமணியன் பிரெஞ்சு அறிஞர்கள் இருவரோடு சேர்ந்து அதையும் முடித்து வைத்தார். வாரிங் 1770-இல் சொன்ன அதே பத்தொன்பதுதான் விடை. அந்தப் பாலசுப்பிரமணியனும் ஆர். தங்கதுரையும் பதிப்பாசிரியர்களாக இருந்து பிள்ளையின் கட்டுரைகள் அனைத்தையும் தொகுத்து 2010-இல் வெளியிட்டார்கள். அவர் இறந்து அறுபது ஆண்டுகள் கழித்து!

நாம் செய்யக்கூடியவை

இந்த வாழ்க்கையை வாசித்துவிட்டுப் பெருமூச்சு விட்டால் மட்டும் போதாது. நம்மால் செய்யக்கூடியவை சில உண்டு.

தாயோ தந்தையோ இல்லாமல், படிப்பை நிறுத்தும் நிலையில் உள்ள ஒரு மாணவர் நம் தெருவிலேயே இருக்கலாம். ஓராண்டுக் கட்டணம், ஒரு சீருடை, ஒரு பேருந்துப் பயணச்சீட்டு அவருடைய வாழ்வை மாற்றிவிடலாம். சாஸ்திரியார் செய்தது இவ்வளவுதான்.

நம் பங்குகளிலும் பள்ளிகளிலும் சிறு நூலகங்கள் இருக்கின்றன. அவற்றில் தேர்வு வழிகாட்டிகளே நிறைந்திருக்கின்றன. கணிதமும் இயற்பியலும் வானியலும் எப்படி வளர்ந்தன, யார் யார் வளர்த்தார்கள் என்று சொல்லும் நூல்கள் இரண்டு மூன்றாவது வாங்கி வைப்போம். ஒரு சூத்திரத்தின் பின்னால் ஒரு மனிதர் இருக்கிறார், அவரும் நம்மைப் போல ஒரு சிற்றூரில் பிறந்தவர் என்று தெரியும்போது, கணக்கென்றால் அஞ்சும் குழந்தைக்கும் அச்சம் குறையும்.

பள்ளி ஆண்டு விழாவிலும் கணித நாளன்றும் இராமானுஜனைப் பற்றிப் பேசும் ஆசிரியர்கள் எஸ். எஸ். பிள்ளையைப் பற்றியும் ஐந்து நிமிடம் பேசலாம். 703 ரூபாய்க்கு 73 நாணயம் என்று கரும்பலகையில் எழுதிக் காட்டினாலே போதும். அந்தக் கணக்கு நம் சிதம்பரத்தில் முடிக்கப்பட்டது என்று கடலூர் மாவட்டக் குழந்தைகள் தெரிந்துகொள்ளட்டும்.